எலும்பு முகாமுக்கு ஆண்களையும் அழையுங்கள்

தில்லியிலும் சுற்றுப்புறத்திலும் இயங்கும் தமிழ் அமைப்புகளின் நிர்வாகிகளுக்கு,

வணக்கம்.

நீங்கள் நடத்தும் மருத்துவ முகாம்களில் ஒரு வழக்கம் ஊறிப்போயிருக்கிறது. எலும்பு வலுவிழந்து எளிதில் முறியும் ஆஸ்டியோபோரோசிஸ் நோய்க்கான எலும்புப் பரிசோதனை என்றால் மகளிர் தினத்தையொட்டி மாமிகளுக்கு. மாமாக்களுக்குச் சர்க்கரையும் இ.சி.ஜி.யும். எலும்புப் பிரிவில் செவிலியராக இருந்து ஓய்வு பெற்றவள் என்ற உரிமையில் சொல்கிறேன், இந்தப் பங்கீடு நம் ஊருக்குப் பொருந்தாது.

நம் ஊருக்கு என்று அழுத்திச் சொல்லக் காரணம் உண்டு. தில்லியில் 50 வயதைத் தாண்டியவர்களின் முதுகை எக்ஸ்ரே எடுத்துப் பார்த்த ஆய்வு ஒன்று 2012இல் வெளியானது. முள்ளெலும்பு, அதாவது முதுகெலும்பை அடுக்கடுக்காக அமைக்கும் துண்டுகளில் ஒன்று, நொறுங்கியிருந்தவர்கள் பெண்களில் 17.1 சதவீதம், ஆண்களில் 18.8 சதவீதம். அச்சுப்பிழை அல்ல. இடுப்பு எலும்பில் நிலைமை சற்று மாறுகிறது. பக்கத்திலுள்ள ரோத்தக் மாவட்டத்துக் கணக்குப்படி, 50ஐக் கடந்த பெண்களில் லட்சத்துக்கு 159 பேருக்கும் ஆண்களில் 105 பேருக்கும் ஓராண்டில் இடுப்பு முறிகிறது. பெண்கள்தான் அதிகம், மறுக்கவில்லை. ஆனால் மூன்றுக்கு இரண்டு என்ற விகிதத்தில் ஆண்கள் நிற்கும்போது அவர்களை வாசலிலேயே நிறுத்துவது என்ன நியாயம்? இடுப்பு முறிந்த பிறகு ஓராண்டுக்குள் இறந்துபோகிறவர்களின் விகிதமும் ஆண்களிடம்தான் கூடுதல். பல நாடுகளில் திரும்பத் திரும்பக் கண்டது இது.

முதுகெலும்பு முறிய விழவே வேண்டாம். தண்ணீர் வாளியைத் தூக்கும்போது, சிலிண்டரை நகர்த்தும்போது, சில சமயம் பலமாகத் தும்மினால்கூட முள்ளெலும்பு அமுங்கிவிடும். இவற்றில் ஏறக்குறைய மூன்றில் இரண்டு பங்கு முறிவு என்றே கண்டுபிடிக்கப்படாமல் போகிறது. வாயுப் பிடிப்பு, தில்லிக் குளிர், வயசாச்சு என்று ஏதாவது ஒரு பெயர் கிடைத்துவிடும். பிறகு ஜிப்பா முன்னால் தொங்கி, பின்னால் தூக்கி நிற்கும். பரணில் கைக்கு எட்டிய டப்பா எட்டாது. கடைசி விலாவுக்கும் இடுப்பெலும்புக்கும் நடுவே இரண்டு விரல்கூட நுழையாது. அப்போதும் "அப்பாவுக்குக் கொஞ்சம் கூன் விழுந்திருக்கு" என்பதோடு வீட்டில் பேச்சு முடிந்துவிடும். ஒரு முள்ளெலும்பு நொறுங்கியவருக்கு இன்னொன்று நொறுங்கும் ஆபத்து பல மடங்கு. இடுப்பு முறியும் ஆபத்து ஏறத்தாழ இரு மடங்கு.

ஆண்களுக்கென்றே சில காரணங்களும் சேர்ந்துகொள்கின்றன. புராஸ்டேட் புற்றுநோய்க்குத் தரும் ஹார்மோன் சிகிச்சை எலும்பை அரிக்கும். ஆஸ்துமாவுக்கு மாதக்கணக்கில் ஸ்டீராய்டு மாத்திரை விழுங்குகிறவர்கள் நம்மிடையே எத்தனை பேர்! சிகரெட், மது, தூக்க மாத்திரை பற்றித் தனியாகச் சொல்ல வேண்டியதில்லை. ஜனவரி வெயிலில் பூங்கா பெஞ்சில் உட்கார்ந்து வேர்க்கடலை உரிப்பது நல்ல பழக்கம்தான். குல்லா, மஃப்ளர், இரண்டு ஸ்வெட்டரோடு உட்கார்ந்தால் வைட்டமின் டி எங்கிருந்து வரும்?

முகாமுக்கு வருவோம். குதிகாலை வைத்துப் பார்க்கும் சின்னக் கருவியைக் கொண்டுவந்து, எல்லோருக்கும் "எலும்பு வீக்" என்று சீட்டுக் கொடுத்து, கூடவே கால்சியம் டப்பாவையும் நீட்டுகிற நிறுவனங்களை நம்பாதீர்கள். அந்தச் சீட்டை வைத்து யாருக்கும் சிகிச்சை தொடங்க முடியாது. அதற்கு இடுப்பிலும் முதுகிலும் எலும்பின் அடர்த்தியை அளக்கும் டெக்ஸா ஸ்கேன் வேண்டும். அதில் டி-ஸ்கோர், அதாவது இளவயதினரின் எலும்பு அடர்த்தியோடு ஒப்பிட்டுத் தரும் எண், மைனஸ் 2.5 அல்லது அதற்கும் கீழே போனால்தான் ஆஸ்டியோபோரோசிஸ் என்பது உலக சுகாதார நிறுவனத்தின் வரையறை. ஸ்கேனுக்கு யாரை அனுப்புவது என்று தெரிந்துகொள்ள ஒரு அளவுநாடாவும் இரண்டு கேள்விகளும் போதும். இளமையில் இருந்த உயரத்தில் நாலு சென்டிமீட்டர் குறைந்திருக்கிறதா? 50க்குப் பிறகு சாதாரணமாக விழுந்து எங்காவது எலும்பு முறிந்ததா? ஒன்றுக்கு ஆமாம் என்றாலும் மருத்துவரிடம் அனுப்புங்கள், ஆணோ பெண்ணோ.

ஏற்கெனவே இடுப்பு முறிந்தவர்கள் விஷயத்தில்தான் எனக்குக் கோபமே வருகிறது. முதலில் தாமதம். அறுவைச் சிகிச்சை இரண்டு நாளுக்குள் நடப்பது நல்லது. நம் வீடுகளிலோ "பையன் அமெரிக்காவிலிருந்து கிளம்பிட்டான், வரட்டும்" என்கிறார்கள். அப்புறம் பிளேட் வைத்து, வாக்கரைக் கையில் கொடுத்து அனுப்பியதோடு சரி. எலும்பு ஏன் முறிந்தது என்று கேட்க ஆளில்லை. இடுப்பு அறுவை முடிந்து 90 நாளுக்குள் தொடங்கி, எலும்பு அரிப்பைத் தடுக்கும் ஜோலெட்ரோனிக் அமிலம் என்ற மருந்தை வருடம் ஒருமுறை ஊசியாக ஏற்றியவர்களிடம் புதிய முறிவுகள் 35 சதவீதமும் மரணங்கள் 28 சதவீதமும் குறைந்ததை 2007இலேயே ஓர் ஆய்வு காட்டியது. சிறுநீரகத்தையும் வைட்டமின் டி அளவையும் பார்த்துவிட்டு மருத்துவர் முடிவு செய்யட்டும். கேட்டால்தானே முடிவு செய்வார்? உங்கள் உறுப்பினர் பட்டியலில் இப்படி அறுவை செய்துகொண்டவர்கள் யார் யார் என்று உங்களுக்கே தெரியும். அவர்களைக் கூப்பிட்டு, மருந்து தொடங்கியாச்சா என்று கேளுங்கள்.

இன்னொன்று. கச்சேரிக்கும் பட்டிமன்றத்துக்கும் வருகிற கூட்டத்தில் பாதிக்கு மேல் எழுபதைத் தொட்டவர்கள். செருப்பு கழற்றும் இடத்தில் ஒரு பெஞ்சு போடுங்கள். கைப்பிடி இல்லாத படிகளுக்குக் கைப்பிடி வையுங்கள். மழைநாளில் பளபளக்கும் கிரானைட்டின் மேல் வழுக்காத விரிப்பு ஒன்று. பொன்னாடைச் செலவைக் கொஞ்சம் குறைத்தால் எல்லாவற்றுக்கும் பணம் வந்துவிடும்.

அடுத்த முகாமில் உயரம் அளக்கவும் கேள்விகளைக் கேட்டுக் குறித்துக்கொள்ளவும் நான் வருகிறேன். ஞாயிறு காலை பத்து மணிக்கு மேல் எனக்குத் தோது.

இப்படிக்கு,
ஓய்வு பெற்ற செவிலியர்,
மயூர் விஹார், தில்லி