மனசுக்குள்ள போட்டு அமுக்காதடா கார்த்தி

கார்த்தி கண்ணா,

அந்தப் பொண்ணு வேணாம்னு சொல்லிட்டாளாமே, உன் தங்கச்சி சொல்லித்தான் தெரியும், நீ போன்ல வேல, சாப்பாடுன்னு ஏதேதோ பேசிட்டு வெச்சுட்ட. ஆம்பளப் புள்ள இதுக்கெல்லாம் அழலாமான்னு நெனைக்கிறியா?

நீ மெல்போர்ன் போனப்புறம் நான் ஜகார்த்தாவுல அதிகமா கேக்குறது டிடி கெம்போட்னு ஒரு ஜாவானீஸ் பாடகரோட பாட்டுதான். நம்ம டிரைவர் ஜாவாவுல இருக்குற சோலோ ஊர்க்காரர்ல, கார்ல ஏறினா அதான் ஓடும், ஜாவானீஸ் எனக்குப் பாதிதான் புரியும், மீதிய அவர் இந்தோனேசியால சொல்லுவார். 'ஸ்டாசியுன் பலாபன்' பாட்டுல சோலோ ஸ்டேஷன்ல வழியனுப்பி வெக்கிறான், கொஞ்ச நாள்தான்னு சொல்லிட்டுப் போனவகிட்டேர்ந்து ஒரு தகவலும் இல்ல, அவ்ளோதான் கதை, ஆனா கெண்டாங் மேளம் அடிக்கிற அடியில காலு சும்மா இருக்காதுடா.

டிடி கெம்போட் 80கள்ல சோலோ தெருவுல பாடிப் பொழச்சவர், அப்புறம் ஜகார்த்தாவுலயும் அதே பொழப்பு. 2019ல என்ன ஆச்சுன்னா, உன் வயசுப் பசங்க திடீர்னு அவரத் தூக்கி வெச்சுக் கொண்டாட ஆரம்பிச்சுட்டாங்க, சோபட் அம்ப்யார், அதாவது மனசு நொறுங்கின நண்பர்கள்னு பேரு வெச்சுக்கிட்டு, உடைஞ்ச மனசுக்கெல்லாம் இவர்தான் காட்ஃபாதர்னு சொல்லிக்கிட்டு. அந்த வீடியோல்லாம் பாரு, மீசை வெச்ச பசங்க அத்தன கூட்டத்துக்கு நடுவுல கண்ணத் தொடைச்சுக்கிட்டே ஒரு வரி விடாம பாடுறாங்க, ஆடுறாங்க, ஒருத்தனும் ஒருத்தனக் கேலி பண்ணல. எனக்கு அதுதான் ரொம்பப் பெருசாத் தெரியுது, ஜாவா மாதிரி எல்லாத்தையும் உள்ளயே வெச்சுக்கிற ஊர்ல இத்தன பசங்க வெளிப்படையா அழுததுக்கு அவர் பாட்டு எடம் குடுத்துச்சே.

2020 ஏப்ரல்ல கொரோனா நிவாரணத்துக்காக வீட்டுலேர்ந்தே டிவில பாடி 700 கோடி ரூபியாவுக்கு மேல சேத்துக் குடுத்தார், மே 5 போயிட்டார், வயசு 53தான். நம்ம டிரைவர் அன்னைக்குப் பூரா பேசவே இல்ல. இப்ப டென்னி சக்னான் மாதிரி சின்னப் பசங்க அந்த வழியில பாடுறாங்க, நல்லாத்தான் இருக்கு, இருந்தாலும் அவரோடது வேற.

வெள்ளிக்கிழம ராத்திரி ரூம்ல தனியா உக்காராத. அங்கதான் இந்தோனேசியப் பசங்க அவ்ளோ பேர் படிக்கிறாங்களே, ஜாவாக்காரன் யாரையாவது கூப்பிட்டு அவரோட 'சித்ரோ' பாட்டப் போடச் சொல்லு, முழுசாப் பாடுவான். நீயும் சத்தமாப் பாடு, அழுக வந்தா அழுடா. அப்புறம் எனக்குப் போன் பண்ணு, சொல்லிட்டாளேன்னு தங்கச்சியத் திட்டாத.

அம்மா