மாயக்கதை எழுதுகிறவர்களுக்கு: உங்கள் எழுத்தர் கையில் எழுத்தாணியைக் கொடுங்கள்

மாயக்கதை எழுதும் நண்பர்களுக்கு,

காரைக்குடியிலிருந்து எழுதுகிறேன். தமிழில் மந்திர உலகக் கதைகள் பெருகுவதில் எனக்கு மகிழ்ச்சிதான், கிடைத்ததையெல்லாம் படிக்கிறேன். ஆனால் மந்திரங்களைப் படியெடுக்கும் எழுத்தர் என்று ஒருவர் வருகிறாரே, அவர் மட்டும் கதைக்குக் கதை ஒரே ஆளாக இருக்கிறார். கோபுர உச்சியில் ஓர் அறை, மெழுகுவத்தி, இறகுப் பேனா, தோல் சுருள். பெயர் மட்டும் தமிழ்ப் பெயர். இறகைத் தொட்டு எழுதியதும் எழுத்து நீலமாக ஒளிரும், அடுத்த அத்தியாயத்தில் ஆளைக் காணோம்.

கற்பனை உலகம்தானே, எதை வைத்து எழுதினால் என்ன என்பீர்கள். சரி. ஆனால் மந்திரத்துக்கு ஒரு விதி வேண்டும், ஓர் எல்லை வேண்டும் என்று நீங்கள்தான் மண்டையை உடைத்துக்கொள்கிறீர்கள். ஓலையைக் கையில் எடுங்கள், பாதி விதி அதிலேயே இருக்கிறது.

ஓலையில் மை தொட்டு எழுதுவதில்லை, எழுத்தாணியால் கீறுவது. கீறியது சட்டென்று கண்ணில் படாது. விளக்குக்கரியோடு கோவையிலைச் சாறு மாதிரி ஏதாவது சேர்த்துத் தடவித் துடைத்தால்தான் கீறலுக்குள் கருமை இறங்கி எழுத்து தெளியும். அப்படியானால் உங்கள் உலகத்தில் மை தடவும் வரை மந்திரம் தூங்கட்டுமே! எழுதுகிறவர் ஒருவர், எழுப்புகிறவர் இன்னொருவர் என்று ஆகிவிடும். போர்க்காலத்தில் மையேறாத ஓலைச்சுவடியை எல்லை தாண்டிக் கொண்டுபோகலாம், இருட்டில் பிரித்துப் பார்க்கிற காவலனுக்கு அது வெறும் ஓலைதான். எதிரிக்கு வேண்டியதெல்லாம் ஒரு பிடி கரியும் கோவைக்கொடி படர்ந்த ஒரு வேலியும்.

இதைவிடப் பெரிய வம்பு புள்ளி. ஓலை கிழிந்துவிடும் என்று ஏட்டில் பெரும்பாலும் புள்ளி வைக்க மாட்டார்கள். குறிலையும் நெடிலையும் பிரித்துக் காட்ட 18ஆம் நூற்றாண்டில் வீரமாமுனிவர் செய்த எழுத்து மாற்றம் பரவுவதற்கு முன் கொ, கோ இரண்டும் ஏட்டில் ஒரே மாதிரிதான் இருக்கும். ஆக ‘கொல’ என்று கீறியிருந்தால் அது கோல் ஆகவும் இருக்கலாம், கொல் ஆகவும் இருக்கலாம். மன்னர் கேட்டதென்னவோ செங்கோல் நிமிர ஒரு மந்திரம்! சாதாரணச் சுவடியென்றால் யாப்பையும் முன்பின் சொற்களையும் வைத்துப் பிடித்துவிடலாம், பொருளே சொல்லாத மந்திர ஒலிகளை எதை வைத்துப் பிடிப்பது? என்னைக் கேட்டால் அந்த உலகத்தில் எழுதுகிறவரைவிட வாசிக்கிறவருக்குத்தான் கூலி அதிகம்.

அப்புறம் ஓலை சாகும். பூச்சி அரிக்கும், ஓரம் ஒடியும், மறுபடி படியெடுத்தாக வேண்டும். எழுதினவன் ஏட்டைக் கெடுத்தான், படித்தவன் பாட்டைக் கெடுத்தான் என்று சும்மா சொல்லவில்லை. மழை வரவழைத்த மந்திரம் நாலாவது படியில் வெறும் மேகமூட்டமாகிவிடும். அப்போது உங்கள் உலகத்தின் பெரிய மந்திரவாதி யார்? உ.வே.சாமிநாதையர் (1855–1942) போல ஊர் ஊராகப் போய் ஏடு கேட்டு, படிக்குப் படி சொல் மாறும் பாடபேதங்களை ஒப்பிட்டு உட்கார்ந்திருக்கிறவர்தான். சிதைந்த பழைய ஏடுகளை ஆடிப்பெருக்கில் ஆற்றோடு விடும் வழக்கம் இருந்தது, மந்திர ஏட்டை அப்படி விட்டால் கீழ்த்துறையில் குளிக்கிறவர்கள் கதி என்ன என்பதை உங்களிடமே விட்டுவிடுகிறேன்.

செட்டிநாட்டுக்காரர்களுக்கு எழுத்தர் என்றால் முனிவர் நினைவுக்கு வர மாட்டார், கணக்கப்பிள்ளைதான் வருவார். சாய்வுப் பெட்டிக்கு முன்னால் சம்மணம் போட்டு, பிள்ளையார் சுழி போட்டு, பர்மா, மலேயா, இலங்கைக் கடைகளின் வரவு செலவைப் பேரேட்டில் ஏற்றியவர். 320இல் ஒரு பங்கான முந்திரி என்ற பின்னத்துக்கும் கணக்கு வைத்த மரபு அது. நகரத்தார் கல்யாணத்தில் இரு வீட்டாரும் ஒப்புக்கொண்டு இசைகுடிமானம் என்ற ஒப்பந்தம் எழுதுகிறார்கள், எழுதினால்தான் உறவு உறுதி. இதுவே பாதி மந்திரம் இல்லையா? உங்கள் எழுத்தரையும் ஒரு பெரிய வளவு வீட்டில் சம்பளத்துக்கு உட்கார வையுங்கள். மந்திரம் வட்டிக்குப் போகட்டும். மழையைக் கடன் வாங்கிய ஊர் எது, எத்தனை மாரி பாக்கி, எந்தத் தவணை தவறியது, எந்த அரசர் தன் ஆயுளையே அடகு வைத்திருக்கிறார் என்பதெல்லாம் அவர் பேரேட்டில் இருக்கும். அவர் கண்ணைப் பார்த்து யாரும் உரக்கப் பேச மாட்டார்கள், இரவில் அவர் வீட்டுக் கதவைத் தட்டவும் ஆள் வரும்.

கொல்லக்கூட வேண்டாம். ஏடெழுதுகிறவர்கள் இடது பெருவிரல் நகத்தை வளர்த்து, அதில் சிறு பள்ளம் வெட்டி எழுத்தாணியை அதில் தாங்கி எழுதுவார்கள். அந்த நகத்தை நறுக்கிவிட்டால் அது வளரும் வரை நாட்டில் ஒரு மந்திரமும் நகராது. அவரும் சும்மா இருக்க வேண்டியதில்லை, மடக்கெழுத்தாணியின் ஒரு பக்கம் ஓலை நறுக்கும் கத்திதான்.

இதையெல்லாம் கையில் தொட்டுப் பார்க்க வேண்டுமென்றால் காரைக்குடி முனீஸ்வரன் கோயில் தெருப் பழம்பொருள் கடைகளுக்கு வாருங்கள். பழைய எழுத்தாணியோ கணக்குப் பெட்டியோ கண்ணில் பட்டால் கதைக்காகக் கேட்கிறேன் என்று வாய் விடாதீர்கள், விலை ஏறிவிடும்.

இப்படிக்கு,
உங்கள் கதைகளைக் காசு கொடுத்து வாங்கும் வாசகன்