நன்றி மடல்: பிள்ளைகள் வார்டுக்காக ஆடிய பொம்மைகள்

கும்பகோணம் சுற்றுவட்டாரத்து மக்கள் எல்லோருக்கும் வணக்கம்.

பச்சிளங்குழந்தைகள் பிரிவுக்காக மாசியில் நடந்த உதவிப் பொம்மலாட்டத்தின் வரவு செலவை ஊர்ப் பொதுமண்டபச் சுவரில் ஒட்டிவிட்டோம். தொகை எல்லாம் அங்கே இருக்கிறது. யார் என்ன செய்தார்கள், அது எதற்குத் தேவைப்பட்டது என்பதை இங்கே எழுதுகிறோம். பக்கத்து ஊரில் யாராவது இதே வேலையை எடுத்தால் அவர்களுக்கும் பயன்படட்டும்.

முதல் நன்றி ஆட்டக்குழுவை நடத்தும் அக்காவுக்கு. பெயரைப் போட்டால் அடுத்த தடவை கூப்பிடாதீர்கள் என்று சொல்லிவிட்டதால் அக்கா என்றே எழுதுகிறோம். பொம்மை ஆட்டுவதே பிழைப்பாகக் கொண்ட குடும்பம். தாத்தா கட்டை செதுக்கியவர், அப்பா ஆட்டியவர். இவர் பெண் பாத்திரங்களுக்குப் பாட்டும் பேச்சும் கொடுப்பவர். வருசத்தில் ஓர் ஆட்டம் பிள்ளைகள் ஆஸ்பத்திரிக்கு என்று ஒதுக்கி வைத்திருக்கிறார். தனக்குச் சம்பளம் வேண்டாம் என்பார். ஆனால் ஆட்டக்காரர், ஆர்மோனியம், மிருதங்கம், ஜால்ரா எல்லோருக்கும் வழக்கமான சம்பளத்தில் ஒரு ரூபாய் குறையக்கூடாது என்பதில் கறார். இதை நாங்கள் முழுமனதாக ஏற்றுக்கொண்டோம். தர்மக் காரியம் என்று சொல்லிக் கலைஞர் கூலியில் கைவைக்கும் வழக்கம் நம் பக்கத்தில் கொஞ்சம் அதிகம்.

அந்த ஆட்டக்காரர்கள் என்ன சுமக்கிறார்கள் என்பது முன்வரிசையில் உட்கார்ந்து பார்த்தவர்களுக்கே தெரியாது. நம் பொம்மை நாலரை அடி உயரம் வரை போகும், 10 கிலோ வரை எடை வரும். கனம் குறைய வேண்டும் என்றுதான் கல்யாண முருங்கைக் கட்டையில் செதுக்குகிறார்கள், அப்படியும் இவ்வளவு. பொம்மையைத் தாங்கும் கயிறுகள் ஆட்டக்காரர் தலையில் மாட்டியிருக்கும் இரும்பு வளையத்தில் முடிந்திருக்கும். பொம்மையின் கைகளை மட்டும் கம்பிகளால் ஆட்டுவார். ஆக மொத்தப் பாரமும் கழுத்தில்தான் இறங்கும். வளையத்துக்கு அடியில் துணிச் சும்மாடு வைத்தாலும், குனிந்தபடியே நிற்பதால் ஒருவர் தொடர்ந்து ஒரு காட்சிக்கு மேல் தாங்க முடியாது. மாற்று ஆள் இல்லாமல் ஆட்டம் கேட்காதீர்கள்.

அரிசி ஆலைக் களத்தை விட்டுக்கொடுத்த முதலாளிக்கு நன்றி. அறுவடை முடிந்து நெல் காயும் நேரத்தில் களத்தைக் காலி செய்து தருவது சின்ன விசயமில்லை. ஆலைக் களத்தில் ஒரு சிக்கல் உண்டு: மழைத் தண்ணீர் நிற்காமல் ஓட வேண்டும் என்பதற்காகத் தரையைச் சரிவாகத்தான் போடுவார்கள். அதன்மேல் அப்படியே மேடை போட்டால் ஒரு பக்கம் பொம்மையின் கால் தரையில் இழுபடும், மறுபக்கம் அந்தரத்தில் தொங்கும். தச்சர் ரசமட்டம் வைத்துப் பார்த்து, ஒவ்வொரு காலுக்கும் தனித்தனியாகக் கட்டை சீவி முட்டுக் கொடுத்தார். அவருடைய மகன் மேல்திரைச் சட்டத்தைக் கட்டினார். பின்னால் கறுப்புத் திரை, ஆட்டக்காரரின் இடுப்புக்கு மேலே மறைக்க மேல்திரை, இரண்டுக்கும் நடுவே பொம்மை மட்டும் தெரியும் இடைவெளி. அந்த இடைவெளி ஒரு சாண் கூடினால் கம்பி பிடித்த கை தெரிந்துவிடும்.

மைக்செட் தம்பிக்கும் ஒரு வார்த்தை. விளக்கை எதிரே நேராக வைத்தால் கயிறு மின்னும், மேலேயிருந்து அடித்தால் ஆட்டக்காரர் கை நிழல் பொம்மை முகத்தில் விழும். அவர் இரு பக்கமும் முக உயரத்தில் வைத்தார். மாசிப் பனி வேறு. பருத்திக் கயிறு ஈரம் பட்டால் சுருங்கும். சாயங்காலம் அளவு பார்த்துக் கட்டிய கயிறு ராத்திரியில் ஒரு கையைத் தூக்கிவிடும். அதனால் மேடைக்கு மேலே தார்ப்பாய் கட்டி, ஆட்டம் தொடங்கும் முன் எல்லா முடிச்சையும் இன்னொரு முறை பார்த்தார்கள். விநாயகர் பூசை, கோமாளி, ஆமனாட்டம், புஸ்ஸேன்கனாட்டம் என்ற நான்கு முன்னாட்டங்களையும் சுருக்கி, வள்ளி திருமணத்தை முழுதாக ஆடினார்கள். கோமாளி இன்னும் கொஞ்சம் நேரம் நின்றிருக்கலாம் என்று பிள்ளைகள் குறைப்பட்டதை அக்காவிடம் சேர்த்துவிட்டோம்.

கடைக்காரர்களுக்கு வருவோம். டிக்கெட் இல்லாத நிகழ்ச்சிக்குப் பணம் எப்படி வந்தது என்று பலர் கேட்டார்கள். யோசனை கடல் கடந்து வந்தது. அமெரிக்காவில் ஆஸ்மண்ட் என்று ஒரு பாட்டுக் குடும்பம். அண்ணன் தம்பிகள் பாட ஆரம்பித்ததற்கு ஒரு காரணம், காது கேளாத இரண்டு மூத்த சகோதரர்களுக்குக் கருவி வாங்கப் பணம் சேர்ப்பது. அந்த வீட்டுப் பெண் மரி ஆஸ்மண்ட், நடிகர் ஜான் ஷ்னைடர் முதலானோரோடு சேர்ந்து 1983-இல் குழந்தைகள் மருத்துவமனைகளுக்காக ஒரு நிதி அமைப்பைத் தொடங்கினார். அங்கே கடையில் ஒரு டாலர் கொடுத்தால் ஒரு காகிதப் பலூனில் உங்கள் பெயரை எழுதிக் கடைச் சுவரில் ஒட்டுவார்கள். ஒரு வட்டாரத்தில் சேரும் பணம் அந்த வட்டாரத்து மருத்துவமனைக்கே போக வேண்டும் என்பது அவர்கள் விதி. இரண்டையும் அக்கா எடுத்துக்கொண்டார். பலூனுக்குப் பதில் காகிதக் கோமாளி, விலை பத்து ரூபாய்.

மளிகைக் கடை, மருந்துக் கடை, டீக்கடை, பாத்திரக் கடை என்று சுவரை விட்டுக்கொடுத்த எல்லோருக்கும் நன்றி. செய்ய நினைப்பவர்கள் கவனிக்க வேண்டியவை: ஐம்பது தாள் கொண்ட கட்டாக, வரிசை எண் அடித்துத்தான் கொடுக்க வேண்டும், எண் இல்லாவிட்டால் கடைக்காரர்தான் வீண் பேச்சுக்கு ஆளாவார். டீக்கடைச் சுவரில் ஆவியும் எண்ணெயும் படிவதால் பசை பிடிக்காது, அங்கே கயிறு கட்டிக் கிளிப்பில் மாட்டினோம். பெரிய தொகை கொடுக்க வந்தவர்களை நேராக ஆஸ்பத்திரியின் நோயாளர் நலச் சங்கத்துக்குக் காசோலையாகக் கொடுக்கச் சொன்னோம். 2,000 ரூபாய்க்கு மேல் ரொக்கமாகக் கொடுக்கும் நன்கொடைக்கு வருமான வரிக்கழிவு கிடையாது என்பது பலருக்குத் தெரியவில்லை. பேராவூரணிப் பக்கத்திலிருந்து வந்த ஒரு பெரியவர் மொய் நோட்டு மாதிரியே பெயர், ஊர், தொகை என்று எழுதி வைத்துக் கொடுத்தார். திரும்பச் செய்ய வேண்டாத மொய் என்று சொல்லிச் சிரித்தார். அந்த நோட்டைப் பத்திரமாக வைத்திருக்கிறோம்.

இனி வார்டுச் செவிலியர்கள். நிகழ்ச்சியில் நாங்கள் பட்ட பாட்டையெல்லாம் சேர்த்தாலும் அவர்கள் கொடுத்த ஒற்றைப் பக்கப் பட்டியலுக்கு ஈடாகாது. புது மெஷின் ஒன்றுகூட அதில் இல்லை. பொதுவாக நன்கொடையாளர்கள் பெயர்ப்பலகை ஒட்ட இடமுள்ள பெரிய மெஷினைத்தான் விரும்புவார்கள். வார்டிலோ நல்ல மெஷின் இருந்தும் அறுநூறு ரூபாய்ச் சாமான் இல்லாமல் மூலையில் நிற்கும்.

உதாரணத்துக்கு வார்மர், அதாவது பிறந்த பிள்ளையின் உடம்புச் சூட்டைக் காக்கும் மெஷின். குழந்தையின் வயிற்றில் ஒட்டிய வெப்ப உணரி சொல்லும் கணக்கை வைத்துத்தான் அது சூட்டைக் கூட்டும், குறைக்கும். உடம்புச் சூடு 36.5 முதல் 37.5 டிகிரி செல்சியசுக்குள் நிற்க வேண்டும். ஒட்டு வில்லை பசை போய் உணரி கழன்றால், அது அறைக்காற்றை அளந்து, பிள்ளை குளிர்ந்துவிட்டது என்று நினைத்து முழு வேகத்தில் சூடேற்றும். பிள்ளை அதன்மேலேயே படுத்துவிட்டால் கதை தலைகீழ்: சூடு போதும் என்று நினைத்து மெஷின் அடங்கிவிடும். ஆகவே அவர்கள் கேட்டது ஒட்டு வில்லைகளும் மாற்று உணரிகளும்.

மஞ்சள் காமாலைக்கு வைக்கும் நீல விளக்கும் இப்படித்தான். 460 முதல் 490 நானோமீட்டர் வரை அலைநீளமுள்ள நீல ஒளிதான் நன்றாக வேலை செய்யும். தீவிரச் சிகிச்சைக்கு ஒரு சதுர சென்டிமீட்டருக்கு, ஒரு நானோமீட்டருக்குக் குறைந்தது 30 மைக்ரோவாட் வர வேண்டும். பழைய குழல் விளக்கு கண்ணுக்குப் பளிச்சென்று எரியும்போதே அந்த அளவு இறங்கிப்போயிருக்கும். தூசி படிந்தாலும், விளக்கைக் கொஞ்சம் தள்ளி வைத்தாலும் இன்னும் இறங்கும். கண்ணால் கண்டுபிடிக்க வழியே இல்லை. அளக்கும் மீட்டர் ஒன்று இருந்தால் எந்த விளக்கை மாற்றுவது என்று தெரிந்துவிடும். வாங்கிய பொருள்களில் எங்களுக்கு மிகவும் பிடித்தது அந்த மீட்டர்தான்.

ரத்தத்தில் ஆக்சிஜன் அளவு பார்க்கும் பிராப் என்ற உணரி ஒயர்களை ஒரு விற்பனையாளர் மாற்றி அனுப்பிவிட்டார். ஒன்பது ஊசி கொண்ட செருகி பல கம்பெனிகளில் ஒரே மாதிரிதான் தெரியும், பொருந்தவும் செய்யும். உள்ளே ஒயர் இணைப்பு வேறு என்பதால் அளவு காட்டாது. பயோமெடிக்கல் படித்த தம்பி ஒருவர் விடுமுறையில் வந்து, வார்டிலுள்ள ஒவ்வொரு மானிட்டரின் மாடல் எண்ணையும் எழுதிக் கொடுத்து, சரியானதை வரவழைத்தார். பிராப் பெரும்பாலும் ஒயர் வளையும் கழுத்தில்தான் அறும், அதனால் இறுக்கிச் சுற்றாமல் பெரிய வட்டமாகத் தொங்கவிட வேண்டும் என்று சுவரில் ஆணியும் அடித்துக் கொடுத்துவிட்டுப் போனார். நீல விளக்கின் கீழே இருக்கும் பிள்ளைக்குப் பிராப்பைத் துணியால் மூட வேண்டும், இல்லையென்றால் வெளிச்சம் அளவைக் கெடுக்கும் என்பதும் அவர் எழுதி ஒட்டியதே.

மகளிர் குழுத் தையல் அக்காமார்களுக்குத் தனி நன்றி. குறைமாதப் பிள்ளையைத் தாயின் மார்போடு தோலோடு தோலாக அணைத்து வைக்கும் கங்காரு முறையில் ஒரு நாளைக்குக் குறைந்தது 8 மணி நேரமாவது வைக்க வேண்டும் என்கிறது உலக சுகாதார நிறுவனம். கையாலேயே அவ்வளவு நேரம் பிடிக்க முடியாது, கட்டும் துணி வேண்டும். இழுபடும் பருத்திப் பனியன் துணியை எடுத்து, சுருங்கும் மட்டும் இரண்டு தடவை அலசிக் காயவைத்த பிறகே வெட்டினார்கள். தொப்பிகளை 26 முதல் 35 சென்டிமீட்டர் சுற்றளவு வரை நான்கு அளவில் தைத்தார்கள். 28 வாரத்தில் பிறந்த பிள்ளையின் தலை ஏறக்குறைய 26 தான் இருக்கும், கடைத் தொப்பி கண்ணை மூடிவிடும். பொத்தான் கிடையாது. தையல் விளிம்பு வெளிப்பக்கம். உள்ளே ஒரு நூல் பிசிறு இருந்தாலும் பிஞ்சு விரலில் சுற்றி ரத்த ஓட்டத்தை நிறுத்திவிடும் என்பதால் ஒவ்வொன்றையும் உள்புறம் திருப்பி வெளிச்சத்தில் பார்த்தார்கள். அம்மாமார் சாய்ந்து உட்கார வெல்டிங் பட்டறைக்காரர் இரும்புக் குழாயில் சாய்வு நாற்காலி செய்து, துணிக்குப் பதில் பிளாஸ்டிக் ஒயர் பின்னிக் கொடுத்தார். ஒயர் என்றால் கிருமிநாசினி போட்டுத் துடைக்கலாம். அப்பாமாரும் அதில் உட்கார்ந்து பிள்ளையை அணைத்து வைக்கலாம், கூச்சம் வேண்டாம்.

பால்மாவு டின்னும் பால்புட்டியும் கொண்டுவந்தவர்களைத் திருப்பி அனுப்பியதில் சிலருக்கு வருத்தம். பால்மாவு, பால்புட்டி பற்றிய 1992-ஆம் ஆண்டுச் சட்டப்படி அவற்றை ஆஸ்பத்திரித் தாய்மாருக்குத் தானமாகக் கொடுக்கக்கூடாது. புரிந்துகொண்டு, அதே பணத்தில் கொதிக்கவைத்துச் சுத்தம் செய்யக்கூடிய, பால் புகட்டும் எஃகுப் பாலாடைகளும் மூடிபோட்ட கிண்ணங்களும் வாங்கிக் கொடுத்த பாத்திரக் கடை அண்ணாச்சிக்கு நன்றி. பஞ்சு அடைத்த பொம்மைகளையும் இதே போலத்தான் வாங்கவில்லை; துவைத்துக் காயவைக்க முடியாத எதுவும் பிள்ளைகள் வார்டுக்குள் போகாது.

பெரிய பிள்ளைகள் வார்டில் மறுநாள் ஆடிய சிறு ஆட்டத்துக்காக அக்கா முறையையே மாற்றினார். சாம்பிராணியும் கற்பூரமும் இல்லை, இளைப்புள்ள பிள்ளைகளுக்கு ஆகாது. மிருதங்கத்துக்குப் பதில் ஜால்ரா மட்டும், அதுவும் மெதுவாக. கோமாளியும் ஒரு நடனப் பொம்மையும் இருபது நிமிடம் ஆடின. தொட்டுப் பார்க்க ஆசைப்பட்டவர்களுக்கு வார்னிஷ் பூசிய மரக்கை ஒன்றைத் தனியாகக் கொண்டுவந்து, ஒவ்வொரு பிள்ளைக்கும் நடுவே துடைத்துத் துடைத்துக் கொடுத்தார். டிரிப்ஸ் ஏறும் பிள்ளைகளைக் கட்டிலோடு நகர்த்தி வைத்த வார்டு உதவியாளர்களுக்கு நன்றி.

பொம்மைகளைக் கயிறு சிக்காமல் ஒவ்வொன்றாகப் பழைய வேட்டியில் சுற்றி ஏற்றி இறக்கிய குட்டியானை வண்டி ஓட்டுநருக்கும், ராத்திரி எல்லோருக்கும் சுடச்சுட உப்புமா போட்டவர்களுக்கும் நன்றி.

வாங்கிய சாமான் எல்லாம் ஆஸ்பத்திரி இருப்புப் பதிவேட்டில் ஏறிவிட்டது; மீதித் தொகையை உத்தரவாதக் காலம் முடிந்த பிறகு வரும் பராமரிப்புச் செலவுக்காகச் சங்கத்திலேயே விட்டிருக்கிறோம். காகிதக் கோமாளிக் கட்டுகளில் சில இன்னும் திரும்பவில்லை. விற்காத தாளாக இருந்தாலும் பரவாயில்லை, எண் கணக்கை முடிக்க அவற்றைப் பொதுமண்டபத்தில் கொடுத்துவிடுங்கள்.

இப்படிக்கு,
உதவிப் பொம்மலாட்ட நிகழ்ச்சிக் குழுவினர்