படம் எடுத்தவர் பெயரையும் போடுங்கள்

ஆசிரியர் அவர்களுக்கு, வணக்கம்.

ஞாயிறு பதிப்பின் சினிமாப் பக்கம் முழுக்க நடிகர்கள்தாம். வங்காளத்துப் படத் தயாரிப்பாளர் பி. என். சர்க்கார் பற்றி ஒரு பத்தி போடக் கூடாதா? லண்டனில் பொறியியல் படித்தவர், 1931இல் கல்கத்தாவில் நியூ தியேட்டர்ஸ் என்ற பட ஸ்டூடியோவைத் தொடங்கினார். 1935இல் பின்னணிப் பாட்டைப் படத்துக்குக் கொண்டுவந்ததும் அவர் ஸ்டூடியோதான். 1970க்கான தாதாசாகேப் பால்கே விருதும் பெற்றார். அவருடைய சித்ரா தியேட்டரைத் திறந்து வைத்தவர் சுபாஷ் சந்திர போஸ். நேதாஜி படையில் இருந்த என் அப்பாவுக்கு இது தெரிந்திருந்தால் தோட்டம் பூராவும் சொல்லித் திரிந்திருப்பார்! தோட்டத் தொழிலாளர் குடியிருப்பான லயத்துத் திடலில் வெள்ளைத் துணி கட்டிப் படம் காட்டிய நாளில், எழுத்து ஓடும்போதுதான் நாங்கள் சாக்கை விரித்து இடம் பிடிப்போம். தயாரிப்பாளர் பெயரை யார் படித்தது?

இப்படிக்கு,
ஓய்வு பெற்ற பால்மரத் தொழிலாளி,
சுங்கை சிப்புட்