பெற்றோரைக் குறை சொல்வதற்கு முன் பேருந்து வருகிறதா என்று பார்ப்போம்

ஆசிரியர் அவர்களுக்கு வணக்கம்.

வளரும் நாடுகளில் பெண்பிள்ளைகளின் படிப்பு பாதியில் நிற்பதைப் பற்றிச் சென்ற வாரம் தங்கள் ஞாயிறு பதிப்பில் வந்த கட்டுரையை வாசித்தேன். அக்கறையோடு எழுதப்பட்ட கட்டுரைதான். ஆனால் படிக்காத பெற்றோரின் அறியாமையே எல்லாவற்றுக்கும் மூலம், அவர்களுக்கு விழிப்புணர்வு ஊட்டிவிட்டால் மற்றவை தாமாகச் சரியாகிவிடும் என்று அது சொன்ன முடிவை என்னால் ஏற்றுக்கொள்ள முடியவில்லை. முப்பத்திரண்டு ஆண்டுகள் தமிழ்ப்பள்ளிகளில் கற்பித்தவள் நான். அதற்கும் முன்னால், படிக்காத பெற்றோருக்குத் தோட்டத்துத் தொழிலாளர் வரிசை வீடான லயத்தில் பிறந்தவள். அந்த இரண்டு உரிமையிலும் சிலவற்றைச் சொல்ல விரும்புகிறேன்.

மலேசியாவின் பினாங்கு மாநிலத்தில், நிபோங் திபால் பட்டணத்துக்கு உட்புறமாக ஒரு ரப்பர் தோட்டத்தில் நாங்கள் வளர்ந்தோம். என் அக்கா 1970-ஆம் ஆண்டு ஆறாம் வகுப்பை முடித்தார். தோட்டத்தில் பத்துப் பிள்ளைகள் இருந்தால் நிர்வாகமே பள்ளி நடத்த வேண்டும் என்று வெள்ளைக்காரன் காலத்துத் தொழிலாளர் சட்டம் சொல்லியிருந்தது. ஆனால் அந்தக் கடமை ஆரம்பப் படிப்போடு முடிந்துவிடும். இடைநிலைப்பள்ளி ஏழு மைல் தள்ளிப் பட்டணத்தில் இருந்தது. அதற்குப் போகும் பேருந்தைப் பிடிக்க, இருபுறமும் பால்மரம் அடர்ந்த செம்மண் பாதையில், விடியாத இருட்டில், இரண்டு மைல் நடந்து பெரிய சாலைக்குப் போக வேண்டும். அப்பாவும் அம்மாவும் அந்நேரம் பெரட்டுக்கு, அதாவது வேலைக்கு முன் பெயர் கொடுக்கும் இடத்துக்கு, போயிருப்பார்கள். பன்னிரண்டு வயதுப் பெண்ணை யார் கூட்டிக்கொண்டு போய்ப் பேருந்தில் ஏற்றுவது? அக்கா வீட்டோடு நின்றுவிட்டார். காலையில் அம்மாவின் நிறையில், அதாவது அவர் பால்வெட்டும் மர வரிசையில், பால் வடியும் மங்கு துடைத்தார். திரும்பி வந்து, குழந்தைகளைப் பார்த்துக்கொள்ளும் ஆயாக் கொட்டகையிலிருந்து தம்பியைத் தூக்கி வந்து சோறாக்கினார். வகுப்பில் கணக்குப் பாடத்தில் முதலாவதாக வந்தவர் அவர்.

நான் 1974-இல் ஆறாம் வகுப்பை முடித்தேன். மறு ஆண்டு சனவரியில் தோட்ட நிர்வாகம் பட்டணத்துப் பள்ளிக்கு ஒரு லோரி விட்டது. பின்பக்கம் இரண்டு பலகை, மேலே ஒரு கித்தான், அவ்வளவுதான். மாலையில் ரப்பர் ஷீட் ஏற்றிய அதே லோரி என்பதால் எங்கள் சட்டையெல்லாம் புகையூட்டிய ரப்பரின் வாடை அடிக்கும். வகுப்பில் பட்டணத்துப் பிள்ளைகள் மூக்கைப் பொத்திக்கொள்வார்கள். ஆனாலும் வீட்டு வாசலில் ஏற்றி வீட்டு வாசலில் இறக்கியது. அப்பா மறுபேச்சுப் பேசாமல் என்னை அனுப்பி வைத்தார். அந்த நான்கு ஆண்டுகளில் எங்கள் தோட்டத்துக்கு யாரும் வந்து விழிப்புணர்வுச் சொற்பொழிவு ஆற்றவில்லை. அப்பா அதே அப்பா, வறுமை அதே வறுமை. அக்காவுக்கும் எனக்கும் நடுவில் இருந்த வித்தியாசம் ஒரு லோரி.

இதை என் வீட்டுக் கதை என்று ஒதுக்கிவிட முடியாது. யுனெஸ்கோ 2023-இல் வெளியிட்ட கணக்கின்படி உலகில் 250 மில்லியன் பிள்ளைகள் பள்ளிக்கு வெளியே இருக்கிறார்கள். அவர்களில் 122 மில்லியன் பேர் பெண்பிள்ளைகள். கழித்துப் பார்த்தால் ஆண்பிள்ளைகளின் எண்ணிக்கை சற்றே கூடுதல் என்பது தெரியும். இதைச் சுட்டிக்காட்டி, பெண்கல்விக்கு இனித் தனிக் கவலை எதற்கு என்று கேட்பவர்களும் உண்டு. பையன் பெரும்பாலும் கூலிக்குப் போவதற்காக நிற்கிறான். பெண் நிற்பதற்கான காரணங்கள் வேறு, அவை வந்து சேரும் வயதும் வேறு. ஆரம்பப்பள்ளியில் பெரும்பாலான நாடுகளில் ஆண், பெண் வித்தியாசம் இன்று மிகவும் குறைந்துவிட்டது. பன்னிரண்டு, பதின்மூன்று வயதில்தான் கயிறு அறுகிறது. பள்ளி தூரமாகப் போவதும், பிள்ளை வயதுக்கு வருவதும், அவள் கை வீட்டு வேலைக்கு உதவும் அளவுக்கு வளர்வதும் ஏறத்தாழ ஒரே ஆண்டில் நடக்கின்றன. வீட்டில் தண்ணீர் வசதி இல்லாத குடும்பங்களில் பத்தில் ஏழு வீடுகளில் தண்ணீர் எடுத்து வரும் பொறுப்பு பெண்களுடையது என்று உலகச் சுகாதார நிறுவனமும் யுனிசெஃபும் சேர்ந்து எடுத்த கணக்கு சொல்கிறது. குடத்தோடு நிற்கும் பிள்ளைக்கு மணியடிப்பது கேட்டு என்ன பயன்?

தூரத்தைப் பற்றி இன்னும் கொஞ்சம் சொல்ல வேண்டும், ஏனென்றால் இதில் கைமேல் பலன் கண்ட சான்று இருக்கிறது. இந்தியாவில் மிகவும் பின்தங்கிய மாநிலங்களுள் ஒன்றான பீகாரில் 2006-ஆம் ஆண்டு, ஒன்பதாம் வகுப்பில் சேரும் ஒவ்வொரு பெண்பிள்ளைக்கும் மிதிவண்டி வாங்க 2,000 ரூபாய் கொடுத்தார்கள். கார்த்திக் முரளிதரன், நிஷித் பிரகாஷ் என்ற இரு பொருளியலாளர்கள் அதன் விளைவை அண்டை மாநிலமான ஜார்க்கண்டோடு ஒப்பிட்டு ஆராய்ந்தார்கள். இடைநிலைப்பள்ளியில் சேரும் பெண்பிள்ளைகள் ஏறத்தாழ 30 விழுக்காடு கூடியிருந்தார்கள். ஆண்பிள்ளைகளுக்கும் அவர்களுக்கும் இருந்த இடைவெளி 40 விழுக்காடு குறைந்திருந்தது. எல்லாவற்றையும்விட நான் முக்கியமாகக் கருதுவது, பள்ளி மூன்று கிலோமீட்டருக்கு அப்பால் இருந்த கிராமங்களில்தான் பலன் மிகுதியாக இருந்தது என்பதை. பெற்றோரின் மனம்தான் தடை என்றால் பக்கத்து ஊரிலும் தூரத்து ஊரிலும் அது ஒன்றுபோல அல்லவா இருந்திருக்க வேண்டும்? பெண்கள் மிதிவண்டி ஓட்டினால் என்ன மாறும் என்பது தமிழர்களுக்குப் புதிதும் அல்ல. 1990-களின் தொடக்கத்தில் தமிழ்நாட்டின் புதுக்கோட்டை மாவட்டத்தில் அறிவொளி என்ற எழுத்தறிவு இயக்கத்தோடு சேர்த்துப் பெண்களுக்கு மிதிவண்டி கற்றுக்கொடுத்ததை இங்குள்ள மூத்த வாசகர்கள் சிலராவது படித்திருப்பார்கள்.

அடுத்தது, மேடையில் பேச எல்லாரும் கூச்சப்படும் கழிப்பறை. நான் வேலை பார்த்த ஒரு பள்ளியில் பெண்பிள்ளைகளின் கழிப்பறைக் கதவுக்கு வெகுநாள் தாழ்ப்பாள் கிடையாது. ஆறாம் வகுப்புப் பெண்கள் மூவர் மூவராகப் போவார்கள். ஒருத்தி உள்ளே, இருவர் கதவைப் பிடித்துக்கொண்டு வெளியே. காலையிலிருந்து சொட்டுத் தண்ணீர் குடிக்காமல் இருந்துவிட்டு வெயிலில் மயங்கி விழுந்த பிள்ளையை நானே தூக்கியிருக்கிறேன். மாதத்தில் அந்த நாள்களில் சிலர் வரவே மாட்டார்கள். மறுநாள் கேட்டால் காய்ச்சல் என்பார்கள். இங்கேயே இப்படி என்றால், கழிப்பறையே இல்லாத பள்ளிகளில் என்ன நடக்கும்? இந்தியாவில் 2003-இல் தொடங்கிய பள்ளிக் கழிப்பறைத் திட்டத்தை ஆராய்ந்தபோது, சிறு பிள்ளைகளுக்கு எந்தக் கழிப்பறை கட்டினாலும் பள்ளிச் சேர்க்கை கூடியது. வளர்ந்த பெண்பிள்ளைகளுக்கோ தனிக் கழிப்பறை கட்டிய இடத்தில்தான் கூடியது என்று தெரிய வந்தது. கென்யா 2017-இல் பள்ளி மாணவிகளுக்கு மாதவிடாய்க்கால அணையாடையை இலவசமாகக் கொடுப்பதைச் சட்டமாகவே ஆக்கியது. எங்கள் பள்ளிக் கதவுக்கு ஒரு தாழ்ப்பாள் வாங்க எவ்வளவு ஆகியிருக்கும் என்பதை வாசகர்களே கணக்குப் போட்டுக்கொள்ளட்டும்.

"இன்னொருத்தன் வீட்டுக்குப் போகிறவள்தானே, படித்து என்ன ஆகப்போகிறது?" என்ற பேச்சு இல்லவே இல்லை என்று நான் சொல்ல வரவில்லை. என் சொந்தச் சித்தப்பாவே அப்படிப் பேசியவர். ஆனால் அந்தப் பேச்சின் பின்னால் ஒரு கணக்கு இருக்கிறது. கணக்கு மாறினால் பேச்சும் தணிகிறது. வங்காளதேசம் இதற்கு நல்ல எடுத்துக்காட்டு. 1982-இல் சிறிய அளவில் தொடங்கி 1994-இல் நாடு முழுவதும் கிராமப்புறங்களுக்கு விரிவாக்கிய திட்டத்தின்கீழ், ஆறாம் வகுப்பு முதல் பத்தாம் வகுப்பு வரை படிக்கும் பெண்பிள்ளைகளுக்கு அரசு உதவித்தொகை கொடுத்தது. 75 விழுக்காடு வருகை, தேர்வில் 45 விழுக்காடு மதிப்பெண், பதினெட்டு வயது வரை திருமணம் செய்யாதிருத்தல் ஆகியவை அதற்கு நிபந்தனைகள். பணம் அந்தப் பிள்ளையின் பெயரிலேயே வங்கியில் போடப்பட்டது. ஏழைத் தகப்பனின் கையில் "இல்லை" என்று சொல்ல ஒரு காரணத்தை அரசு கொடுத்தது என்றே நான் இதைப் புரிந்துகொள்கிறேன். மாப்பிள்ளை வீட்டார் வந்து கேட்டால், பிள்ளைக்கு உதவித்தொகை நின்றுவிடும் என்று அவர் சொல்லலாம் அல்லவா? இன்று அந்நாட்டு இடைநிலைப்பள்ளிகளில் பெண்பிள்ளைகளே எண்ணிக்கையில் மிகுதி. இத்தனைக்கும் பிறகு அங்கே ஏறத்தாழ பாதிப் பெண்களுக்குப் பதினெட்டு வயதுக்கு முன்பே திருமணம் நடந்துவிடுகிறது என்பதையும் மறைக்காமல் சொல்ல வேண்டும். பள்ளியில் சேர்ப்பதோடு வேலை முடிந்துவிடுவதில்லை.

பெற்றோர் மனமுவந்து அனுப்பியும் அரசே கதவைச் சாத்திய இடங்களும் உண்டு. தான்சானியாவில் கருவுற்ற மாணவிகளைப் பள்ளியிலிருந்து விலக்கி வைக்கும் நடைமுறை 2021 இறுதி வரை இருந்தது. ஆப்கானிஸ்தானில் 2022 மார்ச் 23-ஆம் நாள், உயர்வகுப்புகள் மீண்டும் திறக்கப்படும் என்று நம்பிச் சீருடையோடு வந்த பெண்பிள்ளைகள் அன்று காலையிலேயே திருப்பி அனுப்பப்பட்டார்கள். ஆறாம் வகுப்புக்கு மேல் பெண்கள் படிப்பதைத் தடுத்திருக்கும் ஒரே நாடு அது. என் அக்கா நின்ற அதே ஆறாம் வகுப்பு. வாசல் வரை பிள்ளையைக் கொண்டுவந்து விட்டுவிட்டு அழுத தாய்மாருக்கு நாம் என்ன விழிப்புணர்வு ஊட்டப் போகிறோம்?

வெளிநாட்டுக் கதைகள் இவை என்று பினாங்கில் உட்கார்ந்துகொண்டு சொல்லிவிட நமக்கு வழியில்லை. அகதிகள் தொடர்பான 1951-ஆம் ஆண்டு உடன்படிக்கையில் மலேசியா கையெழுத்திடவில்லை. அதனால் மியன்மாரிலிருந்து அகதிகளாக வந்து இங்குள்ள ரோஹிங்யா மக்களின் பிள்ளைகள் அரசாங்கப் பள்ளிகளில் சேர முடியாது. தொண்டு அமைப்புகளும் அவர்கள் சமூகத்தாரும் நடத்தும் கற்றல் மையங்களே அவர்களுக்குப் பள்ளி. அப்படி ஒரு மையத்துக்குச் சனிக்கிழமைகளில் கணக்குச் சொல்லிக்கொடுக்கப் போகிறேன். ஒரு கடைவீட்டு மாடி. கீழே டயர் கடை. ஏழெட்டு வயதில் பெண்பிள்ளைகள் நெருக்கியடித்துக்கொண்டு உட்காருகிறார்கள். பெரிய பிள்ளைகளின் வகுப்பிலோ பெண்கள் பக்கத்துப் பாய் ஏறக்குறைய வெறுமை. பின்னம் படித்துக்கொண்டிருந்த பதின்மூன்று வயதுப் பிள்ளை ஒருத்தி, இனி வரமாட்டேன், ஆனால் கணக்கு நோட்டை நானே வைத்துக்கொள்ளலாமா, டீச்சர், என்று கேட்டாள். அவளுடைய தகப்பனாரைப் போய்ப் பார்த்தேன். சட்டப்படி வேலை செய்ய அனுமதி இல்லாமல், கிடைத்த இடத்தில் கிடைத்த கூலிக்கு உழைப்பவர். மகள் படிக்க வேண்டாம் என்று அவர் ஒரு வார்த்தைகூடச் சொல்லவில்லை. வேனுக்கு மாதம் எண்பது ரிங்கிட் என்றார். நடந்து வரலாம் என்றால் வழியில் அதிகாரிகளின் ஆவணச் சோதனை நடந்தால் என்ன செய்வது என்றார். ஐம்பது ஆண்டுகளுக்கு முன்பு எங்கள் லயத்தில் கேட்ட அதே கேள்வியை வேறு மொழிக்காரர் வாயிலிருந்து கேட்டேன்.

நம்மவரிலும் பிறப்புப் பத்திரம் இல்லாததால் பள்ளிப் பதிவுக்கு அலையும் குடும்பங்கள் இன்னும் இருக்கின்றன. அது தனிக் கடிதமாகவே எழுத வேண்டிய பொருள்.

நம் சங்கங்களுக்கும் ஆலய நிர்வாகங்களுக்கும் தங்கள் நாளிதழ் வழியாக ஒரு வேண்டுகோள் வைக்கிறேன். கொடுப்பதில் நம் மக்கள் சளைத்தவர்கள் அல்லர். ஆனால் கட்டடத்துக்குக் கொடுக்கும் கை, மாதச் செலவுக்கு நீளுவதில்லை. வெளிநாட்டில் பெண்பிள்ளைகளுக்குப் பள்ளி கட்ட இங்குள்ள ஓர் அமைப்பு நிதி திரட்டிய கூட்டத்துக்குப் போயிருந்தேன். நன்கொடையாளர் பெயர் பொறிக்கும் பளிங்குக் கல்லின் அளவைப் பற்றி அரை மணி நேரம் பேசினார்கள். அந்தப் பள்ளிக்குப் பிள்ளைகள் எப்படி வந்து சேருவார்கள், கழிப்பறை தனியாக உண்டா என்று நான் கேட்டதற்கு, "அதெல்லாம் அவங்க பாத்துக்குவாங்க, டீச்சர்" என்று பதில் வந்தது. கல்லில் பெயர் வேண்டாம் என்று நான் சொல்லவில்லை. வேன் கட்டணத்துக்கும் கதவுத் தாழ்ப்பாளுக்கும் அணையாடைக்கும் இரண்டு ஆண்டுகளுக்கு உறுதியளித்த பிறகு கல்லைப் பதித்துக்கொள்ளட்டும். தங்கள் கட்டுரையாளரும் அடுத்த முறை இதைப் பற்றி எழுதும்போது, படிப்பை நிறுத்திய ஒரு பிள்ளையின் வீட்டிலிருந்து அவள் பள்ளி வரை ஒருமுறை நடந்து பார்த்துவிட்டு எழுத வேண்டும் என்று கேட்டுக்கொள்கிறேன்.

கணக்கு நோட்டைக் கேட்ட அந்தப் பிள்ளையின் வேன் கட்டணத்தை இந்த மாதம் முதல் ஓய்வுபெற்ற ஆசிரியைகள் மூவர் பகிர்ந்து கட்டுகிறோம். அவளுடைய தெருவில் அதே வயதில் இன்னும் நான்கு பிள்ளைகள் வீட்டில் இருக்கிறார்கள். வேனில் இடம் இருப்பதாக ஓட்டுநர் சொல்கிறார்.

இப்படிக்கு,
ஓய்வுபெற்ற தமிழ்ப்பள்ளி ஆசிரியை,
பட்டர்வொர்த், பினாங்கு.