ட்ராயில் இருக்கும் மகனுக்கு

அன்புள்ள தம்பிக்கு,

அப்பா எழுதுகிறேன். இங்கே எல்லோரும் சுகம். அம்மாவின் முழங்கால் வலி இப்போது தேவலை. போனில் பேசும்போது நாம் இருவரும் குளிரையும் சாப்பாட்டையும் தாண்டிப் போவதில்லை. அதனால்தான் பேனாவை எடுத்தேன்.

நீ நியூயார்க் மாநிலத்து ட்ராய்க்குப் போன நாளிலிருந்து அந்த ஊரைப் பற்றிக் கிடைத்ததையெல்லாம் படிக்கிறேன். ஒரு ராத்திரி, உங்கள் ஊர் ஓக்வுட் கல்லறையில் யார் யார் இருக்கிறார்கள் என்று பார்த்தபோது ஜார்ஜ் ஹென்றி தாமஸ் என்ற படைத் தளபதியின் பெயரில் நின்றுவிட்டேன். அமெரிக்க உள்நாட்டுப் போரை எத்தனையோ வருடம் வகுப்பில் நடத்தியிருக்கிறேன். லிங்கன், கிராண்ட், லீ என்று மூன்று பெயரோடு பாடம் முடிந்துவிடும். தாமஸை ஒரு தடவைகூடச் சொன்னதில்லை. இரண்டு மாதமாக அவர்தான் என் மனதில் இருக்கிறார்.

1816இல் வர்ஜீனியாவின் சவுத்தாம்ப்டன் வட்டாரத்தில் பிறந்தவர். அடிமைகளை வைத்து விவசாயம் செய்த குடும்பம். 1831இல் அங்கேதான் நாட் டர்னர் தலைமையில் அடிமைகள் கிளர்ந்தெழுந்தார்கள். விதவைத் தாயோடும் சகோதரிகளோடும் உயிர் தப்பி ஓடியபோது தாமஸுக்கு 15 வயது. பின்னால் வெஸ்ட் பாயிண்ட் ராணுவக் கல்லூரியில் படித்து, மெக்சிகோ போரில் பீரங்கிப் படையில் பெயர் எடுத்தார். சொந்த ஊர்க்காரர்கள் பெருமையோடு ஒரு வாள் பரிசளித்தார்கள். பிறகு வெஸ்ட் பாயிண்டிலேயே குதிரைப்படைப் பயிற்சி கொடுத்தார். அங்கிருந்த குதிரைகள் கிழடு தட்டியவை. பையன்கள் பாய்ந்தோடத் துடிக்கும்போது இவர் ‘மெதுவாகப் போங்கள்’ என்று இழுத்துப் பிடிப்பாராம். அதற்கே ஒரு பட்டப்பெயர் வைத்துவிட்டார்கள். வாயில்லா ஜீவன்மேல் வைத்த இரக்கம் அது. ஆனால் ‘மெதுவான ஆள்’ என்ற பேச்சு அவரைக் கடைசி வரைக்கும் விடவில்லை.

1861இல் மற்ற தென் மாநிலங்களோடு சேர்ந்து வர்ஜீனியாவும் அமெரிக்காவிலிருந்து பிரிந்து போனது. அவரோடு ஒரே ரெஜிமெண்டில் மேலதிகாரியாக இருந்த ராபர்ட் லீ மாநிலத்தின் பக்கம் போனார். தாமஸ் எடுத்த சத்தியப் பிரமாணத்தை மீறாமல் லிங்கன் பக்கத்து ஒன்றியப் படையிலேயே நின்றார். அவரும் அடிமை வைத்திருந்தவர்தான், அதை மறைத்து எழுத எனக்கு மனசில்லை. ஆனாலும் நின்றார். ஊரில் இருந்த அவர் சகோதரிகள் சுவரில் மாட்டியிருந்த அவர் படத்தைத் திருப்பி வைத்துவிட்டார்கள் என்று சொல்வார்கள். போர் முடிந்து அந்தக் குடும்பம் கஷ்டப்பட்டபோது அவர் அனுப்பிய உதவியை, ‘எங்களுக்கு அப்படி ஒரு சகோதரன் இல்லை’ என்று திருப்பிவிட்டார்களாம்.

இந்த இடத்தைப் படித்தபோது புத்தகத்தை மூடி வைத்துவிட்டேன், தம்பி. நீ பேங்க் வேலையை விட்டுவிட்டு மறுபடி படிக்கப் போகிறேன் என்று சொன்ன பிறகு ஏழு மாதம் நான் உன் போனை எடுக்கவில்லை. உன் படத்தை நான் திருப்பி வைக்கவில்லை, அது இன்னும் கூடத்தில்தான் இருக்கிறது. ஆனால் போன் அடிக்க அடிக்க எழுந்து திண்ணைக்குப் போனேனே, அது வேறு என்ன? நான் செய்தது தப்பு. அம்மாவிடம் பல தடவை சொல்லிவிட்டேன், உன்னிடம் சொல்ல இத்தனை நாளாகிவிட்டது.

சரி, மனுஷர் போரில் என்ன செய்தார் என்று கேள். 1863 செப்டம்பரில் ஜார்ஜியாவின் சிக்கமாகா ஓடைப் பக்கம் இரண்டு நாள் சண்டை. இரண்டாம் நாள், இல்லாத இடைவெளியை இருப்பதாக நினைத்து ஒன்றியப் படைத் தளபதி ரோஸ்க்ரான்ஸ் ஒரு டிவிஷனை நகர்த்தினார். அதனால் நிஜமாகவே இடைவெளி விழுந்தது. எதிரி அதற்குள் புகுந்துவிட்டான். படையில் சுமார் மூன்றில் ஒரு பங்கு சட்டனூகா நகரத்துக்கு ஓடியது, தளபதியும் போய்விட்டார். தாமஸ் மட்டும் ஸ்னாட்கிராஸ் குன்றில் கிடைத்த ஆட்களைச் சேர்த்துக்கொண்டு இருட்டும் வரை அசையாமல் நின்றார். அவர் நிற்காமல் போயிருந்தால் அந்தப் படையே மிஞ்சியிருக்காது. ‘சிக்கமாகாவின் பாறை’ என்ற பெயர் அன்று வந்தது.

1864 டிசம்பரில் டென்னசியின் நாஷ்வில். தென் மாநிலத் தளபதி ஹூட்டின் படை நகரத்துக்கு வெளியே வந்து உட்கார்ந்துவிட்டது. உடனே தாக்கு என்று ஒன்றியப் படைகளின் தலைவர் கிராண்ட் தந்திமேல் தந்தி அடித்தார். தாமஸிடம் குதிரைகள் போதவில்லை. அவற்றைச் சேர்த்துத் தயாரானபோது பனிமழை கொட்டித் தரை கண்ணாடி மாதிரி உறைந்துவிட்டது. நிற்கவே முடியாத தரையில் எப்படித் தாக்குவது? கிராண்ட் பொறுக்காமல், தாமஸின் பதவியை வாங்கிக்கொள்ளச் சொல்லி லோகன் என்ற ஜெனரலை அனுப்பினார், தானும் கிளம்பினார். லோகன் லூயிவில் வரை வந்துவிட்டார். அதற்குள் பனி உருகியது. 15, 16 தேதிகளில் தாமஸ் அடித்த அடியில் ஹூட்டின் படை சிதறி, பிறகு படையாகவே எழுந்திருக்கவில்லை. அந்தச் சண்டையில் கறுப்பினச் சிப்பாய்கள் ஓவர்டன் குன்றில் ஏறிக் கூட்டம் கூட்டமாக விழுந்தார்கள். அவர்கள் போரிடுவார்களா என்று அதுவரை சந்தேகப்பட்டவர்களில் தாமஸும் ஒருவர். அவர்களுடைய உடல்களைப் பார்த்த பிறகு, இனி அந்தக் கேள்வியே இல்லை என்று அதிகாரிகளிடம் சொன்னாராம். போருக்குப் பின் கு கிளக்ஸ் கிளான் என்ற வெள்ளை இனவெறிக் கூட்டத்திடமிருந்து கறுப்பின மக்களைக் காக்கப் படையை அனுப்பியதும் அவர்தான். மனசை மாற்றிக்கொண்டதைச் செயலில் காட்டியிருக்கிறார்.

இத்தனைக்கும் பிறகு பெயர் ஏன் மங்கியது? இன்னொரு ஒன்றியத் தளபதி ஷெர்மன் நினைவுக் குறிப்பு எழுதினார், கிராண்ட் எழுதினார். கிராண்ட் எழுதியதில் தாமஸ் தற்காப்பில் கெட்டி, ஆனால் மெதுவான ஆள். பதில் சொல்ல அவர் இல்லை. 1870 மார்ச் 28 அன்று சான்பிரான்சிஸ்கோவில், நாஷ்வில் போரைக் குறைத்து எழுதிய ஒரு பத்திரிகைக் கட்டுரைக்குப் பதில் எழுதிக்கொண்டிருக்கும்போதே பக்கவாதத்தில் போய்விட்டார். 53 வயதுதான். சொந்தக் கடிதங்களையெல்லாம் அழித்துவிட்டார், தன் வாழ்க்கை நாலு பேர் வாயில் படக் கூடாதென்று. அந்த அடக்கத்தை மதிக்கிறேன். ஆனால் எனக்கு அதில் சம்மதம் இல்லை. அவர் எதை வைத்து 1861இல் அப்படி முடிவெடுத்தார், அந்த ராத்திரிகளில் தூங்கினாரா என்பதையெல்லாம் அவர் கையெழுத்திலேயே படிக்க எனக்கு ஆசை. நீயாவது எழுதி வை. வேலையை விட்ட அன்று என்ன நினைத்தாய் என்று நான் இன்னும் உன்னிடம் கேட்கவே இல்லை.

அவர் மனைவி ஃபிரான்செஸ் உங்கள் ட்ராய்க்காரி. அதனால்தான் தாமஸை அங்கே அடக்கம் செய்தார்கள். அப்போது ஜனாதிபதியாக இருந்த கிராண்டே வந்து நின்றார். வர்ஜீனியாவிலிருந்து ரத்த சொந்தம் ஒருவரும் வரவில்லை. அந்தப் பரிசு வாளையும் அவர் கேட்டும் சகோதரிகள் கொடுக்காமல் தங்களிடமே வைத்திருந்தார்களாம். வாளை ஏன் தூக்கி எறியவில்லை என்று யோசித்துக்கொண்டே இருக்கிறேன். பாசம் விட்டுப்போயிருந்தால் அதை ஏன் அத்தனை பத்திரமாக வைத்திருக்க வேண்டும்?

பனி கரைந்ததும் ஒரு ஞாயிற்றுக்கிழமை ஓக்வுட் போய் வா. சமாதியின் மேல் கல்லில் செதுக்கிய கழுகு இருக்கும், கண்டுபிடிப்பது கஷ்டமில்லை. எனக்காக ஒரு பூ வை. போய் வந்ததும் கூப்பிடு. அந்த ஏழு மாதப் பழக்கத்தில் இன்னும் அம்மா நம்பருக்குத்தான் அடிக்கிறாய். இந்தத் தடவை என் நம்பருக்கு அடி.

அன்புடன்,
அப்பா