சில்வர்லைட் செயலிகளை இன்னும் வழங்கிவரும் மென்பொருள் நிறுவனங்களுக்கு ஒரு திறந்த மடல்

மதிப்பிற்குரியீர்,

வணக்கம். சில்வர்லைட் என்பது உலாவியில் செருகுநிரலாக அமைந்து செயலிகளை இயக்கும் மைக்ரோசாப்ட் மென்பொருள். அலுவலகப் பயன்பாட்டுக்கென அதில் எழுதிய செயலிகளைப் புதிய கணினியில் நிறுவ, இன்டர்நெட் எக்ஸ்புளோரரில் பக்கத்தைத் திறந்து, வலச்சொடுக்கி, நிறுவும்படி ஆணையிடுமாறு உங்களிற் பலர் இன்றும் சொல்லிவருகிறீர்கள். குரோம் 2015இலும் பயர்பாக்ஸ் 2017இலும் இத்தகைய செருகுநிரல்களைக் கைவிட்டன. விண்டோஸ் 10இல் எக்ஸ்புளோரருக்கான ஆதரவும் 2022 ஜூன் 15 அன்று முடிந்தது. எட்ஜ் உலாவியில், பழைய பக்கங்களைத் திறப்பதற்கான எக்ஸ்புளோரர் முறைமை இருக்கிறதே என்பீர்கள். நிறுவிய பிறகு உலாவியின்றியே இயங்கப்போகும் செயலிக்காக, ஒரு சொடுக்கின் பொருட்டு, அந்த முறைமையை எல்லாக் கணினிகளிலும் திறந்துவிடுவது வேண்டாத வேலை.

நிறுவுவதற்கும் உலாவி தேவையில்லை. 2010இல் வெளிவந்த நான்காம் பதிப்பு முதல், சில்வர்லைட் கோப்புறையில் உள்ள எஸ்எல்லாஞ்சர் என்னும் நிரலைக் கட்டளை வரியில் அழைத்து, செயலியின் தொகுப்பான எக்ஸ்ஏபி கோப்பு இருக்கும் இடம், செயலியின் மூல இணைய முகவரி, குறுக்குவழி அமைய வேண்டிய இடம் ஆகியவற்றைக் கொடுத்தால், பயனரிடம் எதுவும் கேளாமல் அது நிறுவிவிடும். உலாவிக்கு வெளியே இயங்கும் அமைப்புடன் செயலி உருவாக்கப்பட்டிருக்க வேண்டும் என்பது மட்டுமே நிபந்தனை. மூல முகவரியை ஊகித்து எழுத இயலாது. செயலி பின்னர் புதுப்பிப்பைத் தேடிச் செல்வது அங்கேதான் என்பதால், அதை நீங்களே தர வேண்டும். மேலும், இந்த நிறுவல் அந்தந்தப் பயனர் கணக்கோடு நின்றுவிடுவது. நிர்வாகி தம் கணக்கில் ஒருமுறை இயக்கிவிட்டால் எல்லோருக்கும் கிடைத்துவிடும் என்று எண்ணி ஏமாறுவோர் உண்டு; பயனர் உள்நுழையும்போது ஓடும் நிரலில் கட்டளையைச் சேர்ப்பதே சரி.

ஆகவே எக்ஸ்ஏபி கோப்பையும், மூல முகவரி நிரப்பிய கட்டளையையும், நீக்குவதற்கான கட்டளையையும் சேர்த்தே வழங்குமாறு வேண்டுகிறேன். உயர் அனுமதி கோரும் செயலியாயின், செல்லத்தக்க சான்றிதழால் கையொப்பமிட்டுத் தாருங்கள். கையொப்பம் இல்லாவிட்டால் அது தன்னைத்தானே புதுப்பித்துக்கொள்ளாது.

சில்வர்லைட்டுக்கான ஆதரவு 2021 அக்டோபர் 12 அன்றே முடிந்துவிட்டது; இனிக் காணப்படும் பாதுகாப்புக் குறைகளுக்குத் திருத்தம் வராது. எனவே நான் கேட்பது இடைக்கால ஏற்பாடு மட்டுமே. மாற்றுச் செயலி எப்போது வரும் என்பதையும் அந்தக் கட்டளைக் கோப்போடு எழுத்தில் தெரிவியுங்கள்.

இப்படிக்கு,
ஓர் அலுவலகக் கணினிப் பொறுப்பாளர்